ஊசிக்காரர் வீட்டுப் பரங்கிக்காய்

தானியக் கிடங்கில் மூட்டை சோதிக்கும் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகும் ஊசிக்காரர் ஊசியைக் கீழே வைக்கவில்லை. ஒரு முழ நீளத்தில், நடுவே குழிவான இரும்பு ஊசி அது. மூட்டையில் குத்தி உருவினால் அடியாழத்தில் கிடக்கும் தானியம் குழியில் ஏறி வெளியே வந்து சாட்சி சொல்லும். மேலே நல்ல மணியும் அடியில் புழுத்ததும் வைத்துத் தைத்த வியாபாரிகள் அந்த ஊசியைக் கனவில் கண்டு அலறி எழுந்து, தாங்கள் செய்யாத குற்றங்களைக்கூட மனைவிமாரிடம் ஒப்புக்கொண்டதாகக் கேள்வி.

பழக்கம் வீட்டுக்கும் வந்தது. தலையணை, மெத்தை, சோப்புக் கட்டி, எதுவானாலும் ஒரு குத்து. மகள் சின்னப் பெண்ணாக இருந்தபோது, பிறந்தநாள் கேக்கில் மெழுகுவத்தி ஏறுவதற்கு முன்பே அப்பாவின் ஊசி ஏறி இறங்கியிருக்கும்.

அப்படிப்பட்டவர் வீட்டுக்கு ஒரு மாலை, மாடியிலிருந்து மூடி போட்ட தட்டு ஒன்று இறங்கி வந்தது. தூக்கி வந்தவர் மாப்பிள்ளை.

"மாமா, சும்மா செஞ்சு பார்த்தேன். சாப்பாட்டோட தொட்டுக்குங்க."

மாப்பிள்ளை ரொட்டிக்கடையில் மாவு பிசைபவர். கல்யாணம் ஆகி மாடியில் குடிவந்த நாளிலிருந்து மாமனாரிடம் அவர் பேசிய பேச்சையெல்லாம் ஒரு தீப்பெட்டிக்குள் போட்டு மூடிவிடலாம். அந்த வாயிலிருந்து இத்தனை நீளமாகப் பேச்சு வந்ததும் ஊசிக்காரருக்கு மூக்கில் வியர்த்துவிட்டது.

மூடியைத் திறந்தார். பரங்கிக்காய். தோலோடு பிறைபிறையாக நறுக்கி, எண்ணெய் பூசி, ஓவனில் வாட்டியிருந்தது. விளிம்பெல்லாம் கருஞ்சிவப்பு. பட்டையும் கிராம்பும் சுக்கும் கலந்த வாசனை கிளம்பி, ஜன்னல் வழியே போய்த் தெருமுனையில் சண்டை போட்டுக்கொண்டிருந்த இரண்டு பேரைச் சமாதானம் செய்துவிட்டுத் திரும்பியது.

"நல்லாயிருக்கே. எடுத்துக்கங்க," என்றாள் மனைவி, வாயில் ஒரு துண்டோடு.

"நீ முதல்ல சாப்பிடு."

"சாப்பிட்டுத்தானே சொல்றேன்?"

"இன்னும் கொஞ்ச நேரம் போகட்டும்."

கொஞ்ச நேரம் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். அவள் மயங்கி விழுகிற மாதிரி தெரியவில்லை; பரங்கிக்காய்தான் குறைந்துகொண்டே வந்தது. வேறு வழியில்லாமல் ஒரு துண்டை எடுத்துக் கடித்தார். இனிப்பும் காரமும் சூடும் ஒன்றையொன்று முந்தாமல் வந்து நாக்கில் உட்கார்ந்தன. அதுதான் அவரைக் கலவரப்படுத்தியது. நன்றாகச் செய்கிறவனை நம்பலாம். இவ்வளவு நன்றாகச் செய்கிறவனை எந்தத் தைரியத்தில் நம்புவது?

மறுநாளும் தட்டு வந்தது. அதற்கு மறுநாளும். வைத்துவிட்டுப் போகாமல், மாப்பிள்ளை வாசற்படியில் நின்று மாமனாரின் வாயையே பார்ப்பார்.

"கிராம்பு தூக்கலா இருக்கா மாமா?"

"இருக்கு."

"நேத்தைவிடவா?"

"நேத்தைவிடத்தான்."

அவ்வளவுதான், மாடிப்படியில் தடதடவென்று ஓட்டம். மறுநாள் கிராம்பு அடங்கியிருக்கும், மிளகு தலைகாட்டும். ஒருநாள் ஜாதிக்காய். ஒருநாள் ஓவன் தட்டில் நெருக்கி அடுக்கியதால் வறுபடாமல் வெந்துபோய்க் குழைந்திருந்தது. அன்று மாப்பிள்ளையின் முகமும் குழைந்திருந்தது. ஒரு தொட்டுக்கொள்கிற பதார்த்தத்துக்காக ஒரு மனிதன் இப்படி உயிரை விடுவானா? ஊசிக்காரர் படுத்தபடி யோசித்தார், உலாத்தியபடி யோசித்தார். வீட்டை எழுதி வாங்கப் பார்க்கிறானா? வேலை போய்விட்டதா? மாடியில் சுவரை இடித்துவிட்டு அதை மறைக்கத்தான் இந்த வாசனையா?

மகளைப் பிடித்தார். அவள் கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிறவள். எதிரில் இருப்பவரை விளக்கடித்துப் பார்ப்பது போலத்தான் எப்போதும் பார்ப்பாள்.

"உன் வீட்டுக்காரருக்கு என்னம்மா வேணும்?"

"உங்களுக்குச் சாப்பாடு குடுத்தாலும் சந்தேகம், குடுக்கலைன்னாலும் சந்தேகம்!" சொல்லிவிட்டு அவள் அம்மாவைப் பார்த்தாள். அம்மா சட்டென்று குனிந்து தட்டின் மூடியைப் பார்த்தாள். அந்த இரண்டு பார்வையும் ஊசிக்காரரிடம் வசமாக மாட்டின. ஆக, கூட்டுச் சதி.

துப்பு, மாடிப்படித் திருப்பத்தில் கிடைத்தது. ஜன்னலோரம், குளிர்ந்த காற்று வரும் பலகைமேல், பழைய போர்வையில் எதையோ பச்சைக் குழந்தை மாதிரி சுற்றி வைத்திருந்தார்கள். பிரித்தார். கரும்பச்சைத் தோலோடு ஒரு பெரிய பரங்கிக்காய். பரங்கிக்காய்க்கு எதற்குப் போர்வை? உள்ளே என்ன? அக்கம்பக்கம் பார்த்தார். கை தானாக இடுப்பில் செருகியிருந்த ஊசிக்குப் போனது. அடிப்பக்கமாக ஒரே குத்து. உருவிப் பார்த்தால் குழியில் செம்மஞ்சள் சதை. நக்கிப் பார்த்தால் தித்திப்பு. வேறொன்றும் இல்லை. ஏமாற்றத்தோடு துளையைக் கீழே திருப்பி, போர்வையைப் போர்த்திவிட்டு இறங்கினார்.

இரண்டு வாரம் கழித்து ஒருநாள், எல்லோரையும் நிற்க வைத்து விசாரணை நடத்தப்போவதாக அவர் அறிவித்ததும் மனைவி உடைத்துச் சொல்லிவிட்டாள்.

"மலைமேல ஒரு விடுதியில சமையல்காரர் வேலை காலியா இருக்கு. அந்த முதலாளியம்மா ஞாயித்துக்கிழமை இங்க சாப்பிட வர்றாங்க. கறி யார் வேணா சமைப்பாங்களாம். தட்டோட ஓரத்துல வைக்கிறதை ஒருத்தன் எப்படிச் செய்றான்னு பார்த்துத்தான் வேலை குடுப்பாங்களாம். அவங்களுக்குப் பிடிச்சிட்டா ரெண்டு பேரும் அங்கயே போயிடுவாங்க."

ஊசிக்காரர் மேலே பார்த்தார். கூரைக்கு அந்தப் பக்கம் மகளின் செருப்புச் சத்தம் அடுப்படிக்கும் ஜன்னலுக்கும் போய்வந்துகொண்டிருந்தது. அந்தச் சத்தத்தை வைத்தே அவள் சந்தோஷமாக இருக்கிறாளா, கோபமாக இருக்கிறாளா என்று சொல்லிவிடுவார் அவர்.

"இன்னும் வேலையே கிடைக்கலைங்க," என்றாள் மனைவி.

"கிடைச்சுடும். நான்தான் தின்னு பார்த்துட்டேனே."

"உங்ககிட்ட ஏன் மறைச்சாங்கன்னு கேக்கலையே?"

"ஏன்?"

"கெடுத்துடுவீங்கன்னு உங்க பொண்ணுக்குப் பயம்."

இந்த வார்த்தைதான் அவருக்குச் சுருக்கென்று தைத்தது. ஊருக்கே குத்தியவருக்கு அன்றுதான் குத்து என்றால் என்னவென்று தெரிந்தது.

ஞாயிறு காலை மாடியிலிருந்து ஓர் அலறல். ஊசிக்காரர் ஓடினார். வெட்டுப் பலகையில், போர்வையில் சுற்றி வைத்திருந்த அந்தப் பரங்கிக்காய் இரண்டாகப் பிளந்து கிடந்தது. உள்ளே கொழகொழவென்று அழுகி, அதன் நாற்றம் மாப்பிள்ளையின் மீசையையே தளரச் செய்துவிட்டது. இன்றைய விருந்துக்கென்றே பார்த்துப் பார்த்து வாங்கி, காய்ந்து இனிப்பு ஏறட்டும் என்று காத்து வைத்திருந்த காய்.

மகள் அடிப்பாதியைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்தாள். அந்தத் துளையை அவளுக்குத் தெரியும். அவளுடைய பொம்மைக்கு, பள்ளிப் பைக்கு, கேக்குக்கு, எல்லாவற்றுக்கும் அந்தத் துளை இருந்தது.

"அப்பா!"

"நான் குத்தினப்ப எனக்கு விஷயமே தெரியாதும்மா!"

"இதை நான் நம்பணுமா?"

"உள்ள என்ன இருக்குன்னு பார்க்கத்தான்..."

"பரங்கிக்காய்க்குள்ள பரங்கிக்காய்தான்ப்பா இருக்கும்! நாங்க போகக் கூடாதுன்னு பண்ணினீங்களா, இல்லையா?"

வாழ்நாள் முழுக்க அடுத்தவன் சொன்ன எதையும் நம்பாத மனிதர், தன் சொல்லை நம்பச் சொல்லி நின்றார். மாப்பிள்ளை அழுகியதை அள்ளிக் குப்பைத் தொட்டியில் போட்டுவிட்டு, கைகழுவ மறந்து அப்படியே நின்றார். அது மகளின் கத்தலைவிட மோசமாக இருந்தது.

"மாப்பிள்ளை, ஓவனைச் சூடு பண்ணி வைங்க. நான் வேற வாங்கிட்டு வர்றேன்."

"தனியாவா? நானும் வர்றேன்," என்றாள் மகள். கைதியோடு போகும் காவலரின் குரல் அது. படியிறங்கும் முன் அப்பாவின் இடுப்பைத் தடவி, ஊசியை உருவி அம்மாவிடம் கொடுத்தாள்.

சந்தையில் காய்க்காரர் இவரைக் கண்டதும் பரங்கிக்காய்க் குவியலின் குறுக்கே கையை விரித்து நின்றார். "அய்யா, ஊசி?"

"பறிமுதல் ஆயிடுச்சு," என்றாள் மகள்.

ஊசியில்லாத ஊசிக்காரர் முதல்முறையாக வெறுங்கையோடு காயின் முன் குந்தினார். ஒவ்வொன்றாகத் தூக்கிக் கனம் பார்த்தார். விரலை மடக்கித் தட்டினார். காம்பு கட்டை மாதிரி காய்ந்திருக்கிறதா என்று திருகினார். நகத்தால் தோலைக் கீறிப் பார்த்தார், கீறல் விழவில்லை.

"இது."

மகள் உடனே பக்கத்தில் இருந்ததைத் தூக்கிக்கொண்டாள். "அப்ப எனக்கு இதுதான் வேணும்."

"அது இளங்காய்டி. காம்பைப் பாரு, இன்னும் ஈரம்."

"நீங்க வேணாம்னு சொல்றதாலதான் எடுக்கிறேன்."

"அண்ணே, ரெண்டையும் வெட்டுங்க," என்றார் ஊசிக்காரர்.

காய்க்காரர் வெட்டினார். அவள் எடுத்தது வெளிறி, நீர் கோத்திருந்தது. அவர் எடுத்தது கெட்டியாக, அடுப்புக் கங்கு போலச் சிவந்திருந்தது. மகள் சிவந்த காயைப் பைக்குள் வைத்தாள். ஆனால் வழியெல்லாம் பையை அப்பாவுக்கு எட்டாத தோளிலேயே மாட்டிக்கொண்டு வந்தாள்.

மாப்பிள்ளை விதையை வழித்து, பிறையாக நறுக்கி, ஒன்றுக்கொன்று படாமல் பரப்பினார். பொடியைத் தூவினார். ஓவன் கதவு மூடியதும் வீடே மூச்சை நிறுத்தியது. சுவர்க்கடிகாரம்கூட இரண்டு தரம் யோசித்துத்தான் நகர்ந்தது.

முதலாளியம்மா வந்தார். ஒல்லியான, சிரிக்காத பெண்மணி. இறைச்சியை ஓரம் தள்ளிவிட்டு, ஓரத்தில் இருந்ததை நடுவுக்கு இழுத்தார். ஒரு துண்டை மென்றார். இன்னொன்றையும் மென்றார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. பிறகு முள்கரண்டியை வைத்துவிட்டு, சமைத்தவரைப் பார்க்காமல் ஊசிக்காரரைப் பார்த்தார்.

"வீட்டுப் பெரியவர் நீங்க. ஒரு நாளைக்கு யார் வேணா நல்லா சமைக்கலாம். இவர் தினமும் இப்படித்தான் செய்வாரா, இல்லை எனக்காக இன்னைக்கு மட்டுமா?"

மகளின் கண் அவர் முகத்தில் விளக்கடித்தது. ஒரு சின்ன இழுப்பு போதும், ஒரு 'ம்ம்' போதும். மாடியில் செருப்புச் சத்தம் அப்படியே இருக்கும். ஊசிக்காரர் தண்ணீர் குடித்தார். நல்ல மூட்டையைச் சொத்தை என்று அவர் ஒருநாளும் திருப்பி அனுப்பியதில்லை.

"தினமும் இப்படி இல்லைம்மா," என்றார். மகள் கண்ணை மூடிக்கொண்டாள். "முதல்ல கிராம்பு அதிகம். அப்புறம் மிளகு. ஒருநாள் குழைஞ்சே போச்சு. தினம் சாயங்காலம் நான் தின்னிருக்கேன். ஆனா ஒரு தடவை செஞ்ச தப்பை இவர் மறு தடவை செஞ்சு நான் பார்க்கலை. நானும் தேடித்தான் பார்த்தேன்."

முதலாளியம்மாவின் உதடு முதல்முறையாக அசைந்தது. "அடுத்த மாசமே வந்துடுங்க," என்றார் மாப்பிள்ளையிடம். மாப்பிள்ளை எழுந்து நின்றார், உட்கார்ந்தார், மறுபடி எழுந்து நின்றார். எதற்கென்று அவருக்கே தெரியவில்லை.

மகள் கண்ணைத் திறந்து அப்பாவையே பார்த்தாள். அழுகை வரப் பார்த்தது. அதற்குள் சந்தேகம் முந்திக்கொண்டது. அடுத்த நாற்காலியிலிருந்து சாய்ந்து காதோடு கேட்டாள். "ஏன்ப்பா இப்படிச் சொன்னீங்க? மனசுல என்ன வச்சிருக்கீங்க?"

"ஒண்ணுமில்லம்மா."

"ஒண்ணுமில்லாம நீங்க எதையும் செய்ய மாட்டீங்களே."

"உன் அம்மா மாதிரியே பேசாதே. சாப்பிடு."

தட்டில் மிஞ்சியிருந்த கடைசித் துண்டை எடுத்து வாயில் போட்டு, மெதுவாக மென்று விழுங்கினார். பிறகு முதலாளியம்மா பக்கம் திரும்பி, குரலில் தேனைத் தடவிக்கொண்டு கேட்டார்.

"ஏம்மா, மலைமேல பரங்கிக்காய் விளையுமா?"

"குளிருக்கு விளையாது. கீழேயிருந்து லாரியில வரும்."

"அப்படியா? வர்ற காய் நல்லதா கெட்டதான்னு யார் பார்த்து இறக்குறாங்க?"

"தனியா ஆள் இல்லை. ஏன் கேக்குறீங்க?"

"சும்மாதான்."

மகள், மனைவி, மாப்பிள்ளை மூவரும் ஒரே நேரத்தில் கரண்டியைக் கீழே வைத்தார்கள்.