வெந்நீரை யார் பார்த்தது

1

இந்தக் கதை என்னிடம் வந்து சேர்வதற்குள் மூன்று வாய் மாறிவிட்டது. எல்லம்மா சித்ராவிடம் சொன்னார். சித்ரா வக்கீல் எழிலரசியிடம் சொன்னாள். எழிலரசி பூந்தமல்லி பேருந்து நிலையத்தில், ஆவடி பஸ்ஸுக்குக் காத்திருந்த நேரத்தில், என்னிடம் சொன்னார். கதைக்கு இது ஒரு குறையே இல்லை. கதைக்காரர்கள் எல்லோருமே கேட்டதைச் சொல்கிறவர்கள்தான். கோர்ட்டில்தான் அதற்கு மதிப்பில்லை.

2

முதல் வரைவு: 'பாரிவாக்கத்தில் பொழுது விடிந்துகொண்டிருந்தது...' (எந்த ஊரில்தான் விடியவில்லை. அடித்துவிட்டேன்.)

இரண்டாவது வரைவு: எல்லம்மா தன் செவலைப் பசுவோடு அடுக்குமாடிக் குடியிருப்புக்குள் வந்தார். மாட்டை ஏன் கூட்டி வர வேண்டும் என்று கேட்காதீர்கள். கண்ணெதிரே கறந்தால்தான் தண்ணீர் கலக்கவில்லை என்று அங்கே குடியிருப்பவர்கள் நம்புவார்கள். அவர்கள் கேட்டுக்கொண்டபடிதான் மாடு வந்தது. மாடு வந்தால் சாணியும் வரும். அது குடியிருப்போர் சங்கச் செயலாளர் பரந்தாமனின் கார் பக்கத்தில் விழுந்தது. அவர் வாளியோடு வந்தார். வாளியிலிருந்து ஆவி பறந்தது. மாட்டின் முதுகில் ஊற்றினார். மாடு மிரண்டு ஓட, கயிற்றைக் கையில் சுற்றியிருந்த எல்லம்மா சிமென்ட் தரையில் இழுபட்டார். இடுப்பெலும்பு உடைந்தது.

இந்த வரைவை வைத்துக்கொள்கிறேன். நன்றாக வந்திருக்கிறது. அதுதான் என்னைச் சற்று உறுத்துகிறது.

3

மாடு தானாக மிரண்டது என்று சொல்லிப் போலீஸ் முடித்துவிட்டது. வாளியில் இருந்தது செடிக்கு ஊற்றக் கொண்டுவந்த பச்சைத் தண்ணீர் என்றார் பரந்தாமன். நேராக மாஜிஸ்திரேட்டிடம் புகார் கொடுக்கலாம் என்றார் எழிலரசி. ஆனால் எல்லம்மாவால் உட்கார முடியாது. ஸ்ட்ரெச்சரில் வரலாமே என்று கேட்டதற்கு, மருத்துவமனைக் கட்டிலில் படுத்தபடி அவர் சொன்ன பதிலை எழிலரசி அப்படியே சொல்லிக் காட்டினார்.

"பட்த்துகினு கோர்ட்டுக்கு வரமாட்டேன். பொணத்தத்தான் அப்டி தூக்கினு போவாங்கோ. சித்ரா மேலேந்து பாத்துச்சுல்ல, அது போய் சொல்லட்டும்."

சித்ரா முதல் மாடியில் குடியிருக்கிறாள். தேனிப் பக்கத்திலிருந்து ஐ.டி. வேலைக்கு வந்தவள். தினமும் எல்லம்மாவிடம்தான் பால் வாங்குவாள்.

4

இனி சட்டம். (கதை மட்டும் வேண்டும் என்பவர்கள் தாண்டிப் போகலாம். ஆனால் கதை இதற்குள்தான் இருக்கிறது.)

ஒருவருக்காக இன்னொருவர் புகாரில் கையெழுத்துப் போட்டு, 'இதில் உள்ளது உண்மை' என்று உறுதி சொல்லலாமா? எழிலரசி சொன்னதை எனக்குப் புரிந்த அளவில் எழுதுகிறேன். எல்லம்மா அதிகாரம் கொடுத்தால் சித்ரா அவர் சார்பில் நிற்கலாம். ஆனால் தானே நேரில் அறிந்ததை மட்டும்தான் சத்தியமாகச் சொல்லலாம். எல்லம்மா சொல்லிக் கேட்டதை, பார்த்ததாகச் சொல்ல முடியாது. காலை இரவல் தரலாம், கண்ணைத் தர முடியாது.*

* இந்தக் கடைசி வரி எழிலரசி சொன்னதல்ல, நான் சேர்த்தது. பாருங்கள், இப்படித்தான் ஆகிறது.

5

சித்ரா என்ற பாத்திரத்தின் மேல் எனக்குச் சந்தேகம் வந்தது இங்கேதான். எழிலரசிக்கும் வந்திருக்கிறது. புகாரில் கையெழுத்து வாங்குவதற்கு முன் கதவைச் சாத்திவிட்டுக் கேட்டிருக்கிறார்.

"ஊத்துனத நீங்க பாத்தீங்களா?"

"சத்தம் கேட்டு பால்கனிக்கு வந்தேன் மேடம். மாடு ஓடுச்சு. அம்மா கீழ கெடந்தாங்க. அவரு கையில வாளி இருந்துச்சு, காலி வாளி."

"ஊத்துனத?"

"அப்ப வீட்டுக்குள்ள லேப்டாப்புல ஆபீஸ் மீட்டிங்ல இருந்தேன் மேடம்."

அப்படியானால் 'பார்த்தாள்' என்ற பேச்சு எங்கிருந்து வந்தது? குடியிருப்பின் வாட்ஸ்அப் குழுவிலிருந்து. நேரில் பார்த்தவர் யாராவது உண்டா என்று பரந்தாமன் அதில் சவால் விட்டார். ஒருவரும் வாய் திறக்கவில்லை. சித்ராவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. 'நான் பார்த்தேன்' என்று போட்டுவிட்டாள். அந்தக் குழுவில் இது சாதாரணம். தண்ணீர் லாரி வரவில்லை என்றால்கூட 'நானே பார்த்தேன்' என்று போட்டால்தான் பதில் வரும். ஆனால் காவலாளி அதை எல்லம்மாவுக்குப் படித்துக் காட்டிவிட்டார். வலியோடு கிடந்த மனுஷிக்கு அது ஒன்றே பிடிமானமாக இருந்தது. இல்லை என்று சொல்ல சித்ராவுக்கு மனம் வரவில்லை. எனக்கும் வந்திருக்காது.

6

முடிவு அ: மாஜிஸ்திரேட் கேட்கிறார். சித்ரா 'பார்த்தேன்' என்கிறாள். வழக்கு நடக்கிறது. ஒருநாள் எதிர்த்தரப்பு வக்கீல், அந்த நேரத்தில் அவள் மீட்டிங்கில் பேசிக்கொண்டிருந்ததைப் பதிவோடு... (வேண்டாம். அவள் பொய்யாகிவிட்டால் எல்லம்மாவின் இடுப்பும் பொய்யாகிவிடும்.)

முடிவு ஆ: சித்ரா காலி வாளியை மட்டும் சொல்கிறாள். பரந்தாமன் நிம்மதியாக மூச்சு...

முடிவு இ: மாஜிஸ்திரேட்டே மருத்துவமனைக்கு வந்து, கட்டிலருகில் நாற்காலியை இழுத்துப் போட்டு... (ஆசைதான்.)

7

ஆவடி பஸ் வந்துவிட்டது. "அப்புறம் என்ன ஆச்சு?" என்று கேட்டேன். எழிலரசி படிக்கட்டில் ஏறிக்கொண்டே சொன்னார்: "நாளைக்குத்தான் அந்தப் பொண்ணு கூண்டுல ஏறுது. ராத்திரி எல்லம்மாவப் பாக்கப் போறேன்னுச்சு. எதச் சொல்லப் போகுதுன்னு எனக்குத் தெரியல."

ஆகவே எனக்கும் தெரியாது. அந்த மருத்துவமனை அறையில் நான் இல்லை. இருந்ததுபோல எழுத எனக்குத் தெரியும். இந்த ஒரு தடவை எழுதப் போவதில்லை.

உங்களை ஒன்று கேட்கலாமா? இரண்டாம் பகுதியில் வாளியிலிருந்து ஆவி பறந்ததே, அதை நீங்கள் பார்த்தீர்கள். பரந்தாமன் ஊற்றியதையும் பார்த்தீர்கள். எல்லம்மா பக்கம் நியாயம் இருக்கிறது என்று அப்போதே முடிவுகட்டியிருப்பீர்கள். நானும் அப்படித்தான். நாளைக்குக் கூண்டில் ஏறி, பார்த்தேன் என்று சத்தியம் செய்வீர்களா?

பாலைக்கூடக் கண்ணெதிரே கறந்து காட்டியவர் எல்லம்மா. யாரையும் தன் வாய்ச்சொல்லை நம்பச் சொன்னதில்லை. இப்போது கட்டிலில் படுத்து வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். சித்ரா உள்ளே வந்ததும் கேட்கப்போவது எனக்குத் தெரியும்: "நீ பாத்தல்ல கண்ணு?"

பதிலை நீங்கள் சொல்லுங்கள். அவர் முகத்தைப் பார்த்துச் சொல்லுங்கள்.