சாலைக்கு வராத வீடு

அபோமோவின் ஓலை வீடு புதுச் சாலையோரத்திலிருந்து தன் பழைய இடத்துக்கு நடந்து போனது நிலக்கடலை பிடுங்கிய வாரத்தில், நல்ல பகல் வெளிச்சத்தில். வழியில் ஒரு கோழியை மிதித்தது. வேறு சேதம் இல்லை.

பிரெஞ்சு அதிகாரியின் ஆணை அதற்கு முந்தைய மாதம்தான் வந்திருந்தது. கேமரூன் காட்டுக்குள் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கிடக்கும் வீடுகளெல்லாம் சாலையோரம் வரிசையாக நிற்க வேண்டும், நிற்காததைக் கொளுத்துவார்கள். எங்கள் பக்கத்தில் மனைவிக்கென்று தனியாக ஓர் அடுக்களை வீடு உண்டு. சமைப்பது, உறங்குவது, பிள்ளை பெறுவது எல்லாம் அதற்குள்தான். அபோமோவுடையதின் பின்புறம் வாழையடியில் அவளுடைய நாலு வயது மகளைப் புதைத்திருந்தார்கள். அம்மா கீரை இடிக்கும் சத்தம் கேட்டால்தான் அந்தப் பிள்ளை தூங்கும், கண்ணுகளா. செத்த பிறகும் அப்படித்தான் என்பாள் அபோமோ.

அவள் கணவன் ஸோகோவும் தம்பிமாரும் ராஃபியா ஓலைக் கூரையும் கால்களுமாக வீட்டை அப்படியே பெயர்த்துச் சாலைக்குச் சுமந்தார்கள். அது திரும்பிப் போனது. மறுபடி சுமந்தார்கள். ஆறாவது முறை ஸோகோவுக்குக் கழுத்து பிடித்துக்கொண்டது.

"ஒன் வீட்டுக்குக் கொஞ்சம் புத்தி சொல்லேன்டி. சவுக்கடி வாங்கப்போறது நாந்தான்."

"நான் சொன்னா அது கேக்குமா? ஒம்போது வருசமாச் சொல்றேன், நீயே கேக்கல."

ஏழாவது முறை அதிகாரியே வந்து, தன் எடைக்கு அது அடங்கும் என்று உள்ளே நாற்காலி போட்டு உட்கார்ந்தார். வீடு அவரையும் சுமந்துகொண்டு ஓடையைக் கடந்து, பழைய குழிகளில் காலை ஊன்றி நின்றது. நனைந்த காலணியோடு வெளியே வந்தவர் தீப்பந்தம் கொண்டுவரச் சொன்னார். அபோமோ வாழைக்கு முன்னால் போய் நின்று, மொழிபெயர்க்கிறவனைக் கூப்பிட்டாள்.

"கொளுத்தச் சொல்லு. சாம்பலும் இங்கதான் வந்து நிக்கும்னு சொல்லு."

அவன் அதைச் சொல்லி முடிப்பதற்குள் சாலையோரத்து வீடுகள் முப்பத்திரண்டும் மரங்களை விலக்கிக்கொண்டு வந்து அவளுடையதைச் சுற்றி நெருக்கியடித்து நின்றன. சில கூரைகளில் அடுப்புப் புகை வந்துகொண்டிருந்தது. பந்தம் பிடித்த சிப்பாய் அதை ஓடையில் போட்டான். அதிகாரி நடந்தே திரும்பி, வரிசை ஒழுங்காக இருக்கிறது என்று மேலிடத்துக்கு எழுதினார்.

அதன் பிறகு, மேலிடத்திலிருந்து யாராவது பார்க்க வரும் நாளில் மட்டும் எங்கள் வீடுகள் சாலைக்குப் போய்க் கொஞ்ச நேரம் வரிசையில் நின்றுவிட்டு வரும். நாங்கள் அடுப்பை அணைப்பதில்லை, சட்டியைப் பிடித்துக்கொள்வோம். அபோமோவுடையது அதற்கும் வராது.