நாற்பத்திரண்டாவது வரி

வெள்ளிக்கிழமை ஜும்மா முடிந்து பள்ளிவாசல் வாசலில் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தபோது கலைச்செல்வன் போன் செய்தான். எங்கள் குடும்பத்துக்கு உத்திரமேரூர் பஜாரில் செருப்புக் கடை. ஆனாலும் என் செருப்பு மட்டும் வைத்த இடத்தில் ஒருநாளும் இருந்ததில்லை. "செஸ் போர்டு, கிளாக் எல்லாம் வந்து எடுத்துக்கினு போயிடு சிராஜ். வூட்ல சும்மா இடத்த அடைச்சிக்கினு கீது" என்றான். குரலில் கோபம் இல்லை. கோபப்பட்டிருந்தால் நான் நிம்மதியாகச் சாப்பிட்டிருப்பேன்.

நாங்கள் இருவரும் ஆறாம் வகுப்பிலிருந்து ஒன்றாகச் செஸ் ஆடியவர்கள். பதினைந்து வருஷத்தில் எத்தனை ஊர்களில், எத்தனை மண்டபங்களில் பாய் விரித்துப் படுத்திருப்போம் என்று கணக்கில்லை. எனக்கு ரேட்டிங் இரண்டாயிரத்து நூற்றைம்பதோடு நின்றுவிட்டது. அதற்கு மேல் என் மூளைக்கு வழி தெரியவில்லை. அவனோ இரண்டாயிரத்து நானூறைத் தொட்டான். அவன் அம்மா செங்கேணி அடுத்தவர் நிலத்தில் நடவு நட்டு வாங்கிக்கொடுத்த பழைய எண்ட்கேம் புத்தகத்தை, களத்துமேட்டில் நெல் காயும்போது காவலுக்கு உட்கார்ந்தபடி படித்துத் தேறியவன். நான் ஒன்றில் மட்டும் அவனைவிடக் கெட்டிக்காரன். கணக்கு. கடைசி ரவுண்டு அன்று காலையில் யாருக்கு என்ன வேண்டும், வெற்றியா டிராவா என்று கணக்குப் போட்டுச் சொல்வது என் வேலை. எங்கள் பக்கத்து ஆட்டக்காரர்கள் எல்லோரும் என்னிடம்தான் வருவார்கள். எனக்கும் அதில் கொஞ்சம் மிதப்பு உண்டு.

இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டத்துக்கு மூன்று நார்ம் வேண்டும். நார்ம் என்றால் பெரிய டோர்னமென்ட் ஒன்றில் பலமான ஆட்களோடு ஒன்பது ஆட்டம் ஆடி, அந்தத் தரத்துக்கு ஆடியதாகக் கணக்கு வரவேண்டும். கலைக்கு இரண்டு இருந்தது. மூன்றாவதுக்காகப் போன வருஷம் விசாகப்பட்டினம் போனோம். அவனுக்கு இருபத்தைந்து முடிய மூன்று மாதம்தான் பாக்கி. பட்டம் வந்தால் ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் அரசாங்க வேலை நிச்சயம், அதற்கு இருபத்தைந்துதான் வயது வரம்பு. எட்டு ரவுண்டில் ஐந்து பாயின்ட் எடுத்திருந்தான். ஒன்பதாவது ரவுண்டுக்கு ஒரு ஜார்ஜியாக்காரர். காலையில் லாட்ஜ் கட்டிலில் படுத்தபடியே நான் கணக்குப் போட்டேன். "அரை பாயின்ட் போதுமாடா?" என்று பல் துலக்கிக்கொண்டே கேட்டான். "போதும். டிரா போதும்" என்றேன்.

போதவில்லை. மற்ற எட்டுப் பேரின் ரேட்டிங்கையும் ஹாலில் ஒட்டியிருந்த பட்டியலிலிருந்து எழுதி வைத்திருந்தேன். ஜார்ஜியாக்காரருடைய ரேட்டிங்கை மட்டும் எழுந்து போய்ப் பார்க்கச் சோம்பல்பட்டு, போனில் அன்றன்றைக்கு மாறும் லைவ் ரேட்டிங்கை எடுத்துவிட்டேன். நார்முக்கு மாதப் பட்டியல்தான் செல்லும், லைவ் செல்லாது. நேற்று ஆட வந்த பையனுக்குக்கூடத் தெரியும். அதில் பதினாறு புள்ளி வித்தியாசம். டிரா போதவேண்டும் என்றால் எதிராளிகளின் சராசரி இரண்டாயிரத்து முந்நூற்று எழுபது வரவேண்டிய இடத்தில் அறுபத்தொன்பது வந்தது. இது தெரியாமல் கலை, ஒரு பான், அதாவது ஒரு சிப்பாய் அதிகமாக, ஜெயிக்கிற ரூக் எண்டிங்கில், நாற்பத்தொன்றாவது மூவில் டிரா கேட்டான். ஜார்ஜியாக்காரர் அவன் முகத்தை ஒருமுறை பார்த்தார். உடனே கையைக் கொடுத்தார்.

நடுவரான ஆர்பிட்டர் மேஜையில் "ஒன் பாயின்ட் ஷார்ட்" என்றதும் கலை என்னைத்தான் திரும்பிப் பார்த்தான். "ரூலை மாத்திட்டாங்க போலடா" என்றேன். கெட்டிக்காரன் புளுகு எட்டு நாளைக்கு என்பார்கள். என் புளுகு ஒன்றரை வருஷம் ஓடியது. அவன் ஒரகடத்தில் காண்ட்ராக்ட் வேலைக்குப் போனான். நான் அவனைப் பார்ப்பதைக் குறைத்துக்கொண்டேன்.

போனை வைத்ததும் கிளம்பினேன். கலை வீடு இருக்கிற களியாம்பூண்டி காலனிக்கு வண்டியில் பதினைந்து நிமிஷம். வழியெல்லாம் அறுவடை மிஷின் தூசி. செங்கேணியம்மா வாசலில் உளுந்து புடைத்துக்கொண்டிருந்தார். "வா நைனா. எளச்சிப் பூட்டியே, சாப்டியா?" என்றவர், முறத்தைக் கீழே வைக்காமலே சொன்னார்: "நீதான் அவனுக்கு எட்த்து சொல்லணும். ஆட்டத்த வுட்டுட்றேன்றான். எப்பவும் இன்னா சொல்வான் தெரியுமா? சிராஜு கணக்கு பாத்து சொன்னா மாறவே மாறாதும்மான்னுவான்." அந்த இடத்திலேயே திரும்பிப் போய்விடலாமா என்றிருந்தது. எனக்கு வெட்கமாக இருந்தது. அதைவிடப் பயமாக இருந்தது.

உள்ளே கம்பெனி சட்டையோடு உட்கார்ந்திருந்தான். மூன்று மணி ஷிப்ட் பஸ்ஸுக்குக் கிளம்பத் தயாராக. எதிரே பாயில் போர்டு விரித்திருந்தது. பக்கத்தில் கிளாக், புத்தகங்கள், ஒரு மஞ்சள் தாள். தாளைப் பார்த்ததும் தெரிந்தது. விசாகப்பட்டினம் ஆட்டத்தின் ஸ்கோர்ஷீட், அடிக்காபி. நாற்பத்தொரு மூவ் எழுதி, கீழே இரண்டு கையெழுத்து. மிச்ச வரிகள் வெற்றாக இருந்தன. போர்டில் அவன் டிரா கேட்ட அதே நிலை. மூடி வைக்க வேண்டியவன் ஏன் அடுக்கி வைத்திருக்கிறான் என்று அப்போது தோன்றவில்லை. வாயில் இருந்ததைக் கொட்டினால் போதும் என்றிருந்தேன்.

"கலை, ரூல் ஒண்ணும் மாறலடா. நான்தான் தப்பா போட்டேன். லைவ் ரேட்டிங் எட்த்துட்டேன்."

"தெரியும்."

"எப்ப?"

"ரயில்லயே. நீ தூங்கிக்கினு இருந்த. உன் நோட்ட எட்த்துப் பாத்தேன்."

வெளியே முறத்தில் உளுந்து விழும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. "ஏன்டா ஒரு வார்த்தை கேக்கல?" என்றேன்.

அவன் ராஜாவைக் கட்டத்தின் நடுவில் சரியாக நகர்த்தி வைத்தான். "கேட்டு, நீ இல்லன்ட்டா? அப்பறம் நீயும் இல்லாம பூடுவியே. நீயா சொல்வேன்னு பாத்துக்கினே இருந்தேன்."

அழவேண்டியது அவன். அழுதது நான். அவன் அதைப் பார்க்காதது போலக் கிளாக்கை எடுத்து ஆளுக்குப் பதினைந்து நிமிஷம் வைத்தான். கிளாக்கில் புது பேட்டரி போட்டிருந்தான். என்னிடம் கொடுத்துவிடப் போகிற பொருளுக்கு.

"உக்காரு. நீ பிளாக்கு."

ஆடினோம். நாற்பத்திரண்டாவது வரியில் அவன் பேனா ஓடியது. அவசரமே இல்லை. ரூக்கை என் பானுக்குப் பின்னால் கொண்டுபோனான், ராஜாவை ஒவ்வொரு கட்டமாக நடத்தினான். நான் இருக்கிற வித்தையெல்லாம் காட்டித் தடுத்தேன், வேண்டுமென்று தோற்றால் அவனுக்குத் தெரிந்துவிடும். நாற்பத்தைந்து, ஐம்பது. எவ்வளவு சுலபமாக இருந்தது என்பதைப் பார்க்கத்தான் எனக்குத் தாங்கவில்லை. அன்றைக்கு இன்னும் அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தால் முடிந்திருக்கும் காரியம். ஒவ்வொரு மூவுக்கும் பிறகு அந்த மஞ்சள் தாளில் பழைய எழுத்துக்குக் கீழே புது மை ஏறிக்கொண்டே வந்தது.

ஐம்பத்தாறாவது மூவில் அவன் பான் ஏழாவது கட்டத்துக்கு வந்தது. இன்னும் ஒரு கட்டம் போனால் அது ராணி. அதைத் தடுக்க என்னிடம் ஒன்றும் இல்லை. அதே நேரம் ரோட்டில் கம்பெனி பஸ் ஹாரன் அடித்தது.

தோற்றதை ஒப்புக்கொண்டு நான் கை நீட்டினேன். அவன் கையைக் கொடுக்கவில்லை. கிளாக்கைத் தட்டினான். மூவை எழுதிப் பேனாவை மூடாமல் தாள்மேல் வைத்துவிட்டு, கழுத்தில் ஐடி கார்டை மாட்டிக்கொண்டு எழுந்தான். "உன் மூவுடா" என்றான். வாசலில் "வரேம்மா" என்றது கேட்டது. பஸ் கிளம்பிப் போன சத்தமும் கேட்டது.

செங்கேணியம்மா எட்டிப் பார்த்தார். "ஆட்டம் முடிஞ்சிதா நைனா?"

எதிரே பாயில் அவன் உட்கார்ந்த தடம் இன்னும் மறையவில்லை. என் பக்கக் கிளாக்கில் நான்கு நிமிஷம் பன்னிரண்டு விநாடி இருந்தது, பதினொன்று, பத்து.