ராஜாவுக்கு மூன்று கட்டம்

தையல் தொழிற்சாலையில் துணி வெட்டும் பிரிவில் இருந்தவளை எல்லாரும் அண்ணி என்றுதான் கூப்பிட்டார்கள். அவள் புருஷனின் தங்கை அதே கட்டடத்தில் பொத்தான் பிரிவில் இருந்துகொண்டு, வாய் ஓயாமல் "அண்ணி, அண்ணி" என்று ஏலம் போட்டதன் பலன் அது. இருவருக்கும் சதுரங்கப் பைத்தியம். தொழிற்சாலை அணியில் மிச்சமிருந்த ஒரே இடம் போன வருஷம் நாத்தனாருக்குப் போனது. சும்மா போகவில்லை, ஜெயிக்க வேண்டிய ஆட்டத்தை அண்ணி கடைசியில் கோட்டை விட்டாள். அதிலிருந்து வீட்டில் பால் பொங்கி வழிந்தால்கூட, "கடைசி நேரத்துல விட்டுட்டியா அண்ணி" என்பாள் நாத்தனார். கேட்கிறவளுக்குப் பற்றிக்கொண்டு வருமா, வராதா?

அண்ணி வைராக்கியமாக இறங்கினாள். கடைசிக் கட்டப் புதிர்கள் மட்டும்தான்; வேறெதையும் தொடவில்லை. செல்போனை மாவு டப்பாவில் சாய்த்து வைத்து, பாத்திரம் கழுவிக்கொண்டே போடுவாள். இரண்டு ராஜா, ஒரு சிப்பாய். பார்க்க அப்பாவி, உள்ளே போனால் ஆளை விழுங்கும். முதலில் போட்டதெல்லாம் தப்பு. போகப் போகப் பிடிபட்டது.

புருஷன் எட்டிப் பார்த்தான். "காலிப் பலகையில என்னத்தத் தேடற?"

"உன் தங்கச்சிய."

தேர்வு ஆட்டம் சாப்பாட்டுக் கூடத்தில், மதிய இடைவேளையில் நடந்தது. டிரா ஆனால் இடம் பழைய ஆளுக்கே. அண்ணி ஜெயித்தே ஆக வேண்டும். ராணியைக் கொடுத்து ராணியை வாங்கினாள், யானையைக் கொடுத்து யானையை வாங்கினாள். வீடு காலி செய்கிறவள் மாதிரி பலகையைத் துடைத்துவிட்டாள். மிஞ்சியது இரண்டு ராஜா, அவளுடைய ஒற்றைச் சிப்பாய். அது இன்னும் இரண்டு கட்டம் போனால் ராணி. நாத்தனாரின் ராஜா அதன் நேர் எதிரே நின்றது. இப்போது பின்வாங்கியே ஆக வேண்டும்.

நாத்தனார் பலகையை வெறித்துப் பார்த்தாள். முகம் செத்துவிட்டது.

"போச்சு அண்ணி. தோத்துட்டேன்," என்று கையை நீட்டினாள்.

அண்ணிக்குத் தூக்கிவாரிப் போட்டது. நாத்தனார் இன்னும் தோற்கவே இல்லை. பின்வாங்க மூன்று கட்டம் இருந்தது. நேர் பின்னால் போனால் டிரா, மற்ற இரண்டில் எதற்குப் போனாலும் தோல்வி. அவள் தூக்கத்தில்கூடப் போடுகிற புதிர். கையைக் குலுக்கினால் இடம் அண்ணிக்கு. விதிப்படி ஒரு குற்றமும் கிடையாது. ஆசை தொண்டை வரை வந்தது. ஆனால் ஒரே வீட்டில், தினமும் இவள் முகத்தைப் பார்த்துக்கொண்டு, இது பொய் ஜெயம் என்று தான் ஒருத்தி மட்டும் தெரிந்துவைத்திருப்பதை நினைத்ததும் கசந்தது.

"கைய எடு. இன்னும் முடியல, ஆடு."

எந்தக் கட்டம் என்று சொல்லவில்லை. அவ்வளவு நல்லவள் இல்லை அவள்.

நாத்தனார் ராஜாவைத் தொடாமல் ரொம்ப நேரம் யோசித்தாள். விரல் இடது பக்கம் போனது, வலது பக்கம் போனது. கடைசியில் நேர் பின்னால் வைத்தாள். அதற்கப்புறம் அண்ணி எந்தப் பக்கம் போனாலும் அந்த ராஜா எதிரே வந்து நின்றது. டிரா.

அண்ணிக்கு வயிறு எரிந்தது. அழுகைகூட வந்தது, அடக்கிக்கொண்டாள்.

"இது டிரான்னு உனக்குத் தெரியுமா அண்ணி?"

"தெரியும்."

"நான் கைய நீட்டினப்பவே?"

"நீட்டினப்பவே."

நாத்தனார் காய்களை ஒவ்வொன்றாகப் பெட்டியில் போட்டாள். நிமிர்ந்தபோது கண் சிவந்திருந்தது.

"இடத்த விட்டுத் தர மாட்டேன், ஆமா."

"விட்டுக் குடுத்துப் பாரு, கொன்னுடுவேன்," என்றாள் அண்ணி.