புதன்கிழமை யாருக்கு

அந்த சிஸ்டருக்கு மடத்தில் வைத்த பெயர் ஒன்று உண்டு. மடத்துக்கு வெளியே அதை யாரும் சொல்வதில்லை. சிறை வாசலில் டீ விற்பவரிலிருந்து கோர்ட் குமாஸ்தா வரைக்கும் எல்லோருக்கும் அவர் 'தூக்கு சிஸ்டர்'தான். தூக்குத் தண்டனை கூடாது என்று காலமெல்லாம் தொண்டை கிழியப் பேசுகிறவருக்கு வேறென்ன பெயர் வைப்பார்கள்? முதலில் முகம் சுளித்தார், பிறகு பழகிவிட்டது. போனில் யாராவது "யாரு பேசறது?" என்றால் "தூக்கு பேசறேன்" என்பார்.

சும்மா சொல்லக்கூடாது, லேசில் அசருகிற ஆளில்லை. மழையோ வெயிலோ, சிறைக்கு எதிரே 'தூக்கு வேண்டாம்' என்று எழுதிய அட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்பார். பைக்கில் போகிற எவனாவது "உங்க வீட்டுல ஒரு கொலை விழுந்தா தெரியும்!" என்று கத்துவான். "வண்டியப் பாத்து ஓட்டுப்பா, நீ விழுந்துடப்போற" என்று இவர் பதிலுக்குச் சொல்வார்.

புதன்கிழமை மட்டும் அட்டை கிடையாது. அந்தச் சிறையில் வெளியாட்கள் மனு போட்டுக் கைதியைப் பார்க்க அந்த ஒரு நாள்தான். ஏழு வருஷமாக சிஸ்டர் போய்ப் பார்ப்பது ஒரே ஆளை. வேன் ஓட்டிக்கொண்டிருந்தவன், உள்ளே போன பிறகும் பெயர் டிரைவர்தான். மருந்துக்கடைக்குச் சாமான் இறக்கப் போய்ப் பழகி, ஒருநாள் கடை சாத்தும் நேரத்தில் கல்லாவில் கை வைத்தான். தடுத்த பெண்ணை ஷட்டர் இழுக்கும் கம்பியால் அடித்தான். அவள் அங்கேயே போய்விட்டாள்.

அவன் செய்ததை சிஸ்டர் ஒருநாளும் மழுப்பியதில்லை. "பண்ணினது மகாபாவம்டா" என்று முகத்துக்கு நேரே சொல்வார். அவனும் தலையைக் குனிந்துகொள்வான். பெற்றவள் செத்துவிட்டாள், கட்டியவள் விட்டுவிட்டுப் போய்விட்டாள்; அக்கா என்று கூப்பிட இவரை விட்டால் அவனுக்கு நாதியில்லை. "கடைசி வரைக்கும் வருவீங்கல்லக்கா?" என்று கம்பிவலைக்குப் பின்னாலிருந்து கேட்பான். "உசுரு இருக்கிற வரைக்கும் வருவேன்டா" என்பார்.

அவனுக்கு விழுந்த தூக்குக்கு எதிரான அப்பீல் எல்லாம் தோற்று, கருணை மனு ஒன்றுதான் மிச்சம் என்று ஆனது. வக்கீல் சுற்றி வளைக்காமல் சொன்னார்: "செத்த பொண்ணோட அம்மா சம்மதிச்சு ஒரு கையெழுத்துப் போட்டா பொழைப்பான். இல்லைன்னா கடவுளே வந்தாலும் நடக்காது." கடவுளை இழுத்ததற்கு சிஸ்டர் அவரை முறைத்தார். ஆனாலும் குடையை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

அந்த அம்மா ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் வேலை பார்க்கிறவர். மூன்றாவது மாடியில் ஒற்றை அறை. வேலையில் மிஞ்சிய கிழிசலையெல்லாம் வீட்டுக்குக் கொண்டுவந்து தைப்பார். சிஸ்டர் மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்கிக்கொண்டு போய் நின்றபோது, தலையணை உறை ஒன்றுக்கு நாடா வைத்துக்கொண்டிருந்தார். தண்ணீர் கொடுத்து உட்காரச் சொன்னார். சிஸ்டர் சொன்னதையெல்லாம் குறுக்கே பேசாமல் கேட்டுவிட்டு, ஒன்றே ஒன்று கேட்டார்.

"என் பொண்ணு என்ன வேலை பாத்தா சிஸ்டர்?"

"நர்ஸ்தானேம்மா." 'ஒரு நர்ஸைக் கொன்றுவிட்டார்கள், அந்த வலி எனக்கும் உண்டு' என்று எத்தனை மேடையில் முழங்கியிருக்கிறார்!

"நர்ஸா? ஊசியப் பாத்தாலே மயங்கி விழுவா அவ. கடையில பில் போட்டா." அந்த அம்மாவுக்குச் சிரிப்பே வந்துவிட்டது. சிரித்து முடித்ததும் குரல் மாறியது. "அவன் செருப்பு சைஸ் தெரியுமா உங்களுக்கு?"

தெரியும். போன மாதம்தான் புதுச் செருப்பு வாங்கிக் கொடுத்திருந்தார். சிஸ்டருக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது.

"வாராவாரம் அவனப் பாக்கப் போறீங்க, பேப்பர்ல போட்டோ வருது. இந்தப் படியேறி ஒருத்தரும் வரல. இன்னிக்கு வந்திருக்கீங்க, அதுவும் அவனுக்காக."

"தப்புதாம்மா. மன்னிச்சிருங்க."

"மன்னிப்பெல்லாம் உங்க கடைச் சரக்கு, அது எனக்கு வேண்டாம். கையெழுத்துப் போடறேன். எனக்குப் புதன்கிழமை லீவு. இனிமே புதன்கிழமை நீங்க இங்க வரணும், அங்க போகக் கூடாது. ஏன் வரலன்னு அவனுக்குச் சொல்லவும் கூடாது. ஆள் விட்டும் சொல்லக் கூடாது."

"எத்தனை நாளைக்கும்மா?"

"நான் போதும்னு சொல்ற வரைக்கும்."

"அவனுக்கு வேற யாரும் இல்லம்மா. நான் கைவிட்டுட்டேன்னு நெனச்சே செத்துடுவான்."

"சாக மாட்டான். வராத ஆளுக்காக வாசலையே பாத்துக்கிட்டு உக்காந்திருந்தா யாரும் செத்துட மாட்டாங்க. நான் சாகலையே?"

"இது பழிவாங்கறதும்மா."

"ஆமா" என்றார் அந்த அம்மா. நூலைப் பல்லால் கடித்து அறுத்தார்.

சிஸ்டர் மடத்துக்கு வந்து கோயிலில் முழங்கால் போட்டார். கடவுள் வழக்கம்போல வாயைத் திறக்கவில்லை. என்னை அக்கா என்று கூப்பிட்டபடியே அவன் சாவதைவிட, உயிரோடு இருந்து என்னைத் திட்டித் தீர்க்கட்டும் என்று அவராகவேதான் முடிவெடுத்தார். மறுநாள் போய்க் கையெழுத்தை வாங்கி வந்தார்.

தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று. தூக்கு, ஆயுள் தண்டனையானது. வக்கீல் இனிப்புப் பெட்டியோடு ஓடிவந்தார். "வாங்க சிஸ்டர், உங்க வாயால அவன்கிட்ட சொல்லுங்க!" எனக்கு வேலையிருக்கிறது என்று சிஸ்டர் மறுத்துவிட்டார். அடுத்த வாரமும் வேலை, அதற்கடுத்த வாரமும் வேலை. 'இவங்களுக்குக் கேஸ்தான் முக்கியம், ஆள் முக்கியமில்ல' என்று வக்கீலே ஊரெல்லாம் சொல்லித் திரிந்தார். வாயைக் கட்டிக்கொண்டு பேச்சு வாங்குவது எவ்வளவு எரிச்சல்! சிஸ்டர் பல்லைக் கடித்துக்கொண்டார்.

புதன்கிழமைகள் மூன்றாவது மாடியில் கழிந்தன. முதலில் இரண்டு பேரும் உம்மென்று உட்கார்ந்து தைத்தார்கள். சிஸ்டரின் தையலைப் பார்த்து அந்த அம்மாவுக்குப் பொறுக்கவில்லை. "இது என்ன தையலா, கோழி கிளறினதா? பிரிங்க, பிரிங்க!" அப்படித்தான் பேச்சு தொடங்கியது. பிறகு மகளின் கதை மடை திறந்தது. பாட வராதவள், ஆனால் விடாமல் பாடுவாள். அம்மாவின் செருப்பைப் போட்டுக்கொண்டு போய் அறுத்துக்கொண்டு வருவாள். கோபம் வந்தால் சாப்பிட மாட்டாள், ஆனால் யாரும் பார்க்காதபோது பானையைக் காலி செய்துவிடுவாள். ஒரு வருஷம் இப்படியே ஓடியது.

ஒருநாள் பஸ் நிறுத்தத்தில் சிறை வார்டர் சிஸ்டரை மடக்கினார். "டிரைவர் மேல அப்படி என்ன கோபம் சிஸ்டர்? இன்னமும் புதன்கிழமையானா சவரம் பண்ணிக்கிட்டு உக்காந்துடறான். மனு நேரம் முடியற வரைக்கும் எந்திரிக்க மாட்டேங்கறான்."

சிஸ்டர் அங்கேயே, அத்தனை பேர் பார்க்க, அழுதுவிட்டார். அடுத்த புதன்கிழமை அந்த அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லி, "போதும்னு சொல்லிருங்கம்மா, உங்களுக்குப் புண்ணியமாப் போகும்" என்று கையைப் பிடித்துக்கொண்டார்.

அந்த அம்மா தைத்துக்கொண்டிருந்த உறையைக் கீழே வைத்தார்.

"நானும் ரெண்டு மூணு மாசமா சொல்லணும்னுதான் இருக்கேன். அவன் காத்துக்கெடக்கான்னு நெனச்சா முதல்ல இனிச்சுது சிஸ்டர். இப்ப அதுவும் இல்ல."

"அப்பச் சொல்லிருங்களேம்மா!"

"வாய் வர மாட்டேங்குது. சொன்னா நீங்க போயிடுவீங்க. அப்புறம் நான் அவளப் பத்தி யார்கிட்ட பேசுவேன்?"

சிஸ்டர் கடிகாரத்தைப் பார்த்தார். சிறையில் மனு நேரம் இன்னும் முடிந்திருக்காது. அந்த அம்மா அடுத்த உறையை நீட்டினார். சிஸ்டர் அதை வாங்கிக்கொண்டு ஊசியில் நூல் கோத்தார்.