ஏரிக்கரையில் காலை ஆறு நாற்பது

தாம்பரத்தில் ஒரு மாடியறையில் படக்கம்பெனி நடத்திய பியூலாவுக்கு ஒரு பிடிவாதம் உண்டு. உண்மைக் குற்றத்தைப் படமாக்கினால், அது நடந்த இடத்தில், நடந்த தேதியில், நடந்த நேரத்தில்தான் நடிக்கவைத்து எடுக்கவேண்டும்.

தொண்ணூற்றைந்து டிசம்பரில் ஒரு தனியார் சேனலுக்காக அவள் எடுத்த முதல் வழக்கு பீர்க்கன்கரணை ஏரியில் நடந்தது. மூன்று வருடம் முன்பு அதே தேதியில் பொன்னுசாமி என்பவர் அங்கே பிணமாக மிதந்தார். காலை ஆறு நாற்பதுக்குக் குப்பன்தான் அவரைத் தள்ளினான் என்று எதிர்க்கரையில் நின்ற வேதாசலம் சாட்சி சொன்னார். பொய் சொல்கிற மனிதர் இல்லை அவர். குப்பனுக்கு ஆயுள் தண்டனை. மேல்முறையீடு உயர்நீதிமன்றத்தில் கிடந்தது.

காலை ஆறு நாற்பது. கேமராமேன் சத்தியநாதன் உதட்டைப் பிதுக்கினான்.

"அக்கா, மூஞ்சியே தெரியல. சூரியன் குப்பனா நடிக்கிறவன் முதுகுல கீது. அந்தக் கரைக்குப் போயிடலாம்."

"வேதாசலம் சார் நின்னது இந்தக் கரை."

"அப்ப கரிக்கட்டைதான் கிடைக்கும்."

பின்னால் வெளிச்சம் இருந்தால் கேமரா அந்த வெளிச்சத்துக்குத்தான் தன்னைச் சுருக்கிக்கொள்ளும். முன்னால் நிற்பவர் வெறும் நிழல். லென்ஸைத் திறந்துவிட்டால் முகம் கொஞ்சம் தேறும், வானமும் தண்ணீரும் வெள்ளையாகப் பொங்கிவிடும். ஆனால் மனிதக் கண் கேமராவைவிடக் கெட்டிக்காரக் கண். அதனால் பியூலா தானே பார்த்தாள். மார்கழிச் சூரியன் தென்கிழக்கே தாழ்வாக நின்று, வானத்திலிருந்தும் தண்ணீரிலிருந்தும் ஒருசேர அடித்தது. அவள் கண்ணுக்கும் முகம் தெரியவில்லை; வேதாசலத்துக்கு மட்டும் எப்படித் தெரிந்தது? ஜூன் மாதம் வந்திருந்தால் அது வடக்கே விலகியிருக்கும்; இந்தச் சந்தேகமே வந்திருக்காது.

குப்பனின் மனைவி அம்மணி பக்கத்தில் நின்றிருந்தாள். எதிர்க்கரைக்கு ஓர் ஆளை அனுப்பிவிட்டு, கேமரா ஓட, பியூலா கேட்டாள்: "அது யாருன்னு தெரியுதா?"

அம்மணி நெற்றியில் கைவைத்துப் பார்த்தாள். "லுங்கிய மடிச்சுக் கட்டிகினு நிக்கிறான். உங்க ஆளா?"

அவளுடைய கூடப்பிறந்த தம்பி அது.

சேனலில் நிகழ்ச்சிப் பொறுப்பாளர் ஸ்ரீநிவாசராகவன் படத்தைப் பார்த்துவிட்டு முகம் சுளித்தார். "அந்தக் கரையிலிருந்து திரும்ப எடுத்துக் குடும்மா. இல்லேன்னா போட முடியாது. முகம் எங்கேன்னு ஸ்பான்சர் கேப்பான்."

"அதையேதான் சார் நானும் கேக்கறேன்."

அவர் மறுபடி கேசட்டைப் போட்டார். அம்மணி தன் தம்பியையே அடையாளம் தெரியாமல் விழிக்கும் இடத்தில் நிறுத்தினார். ஞாயிற்றுக்கிழமை ஒரு காட்சியும் வெட்டாமல் ஒளிபரப்பானது.

மறுநாளே வேதாசலம் பியூலாவின் மாடிப்படி ஏறி வந்தார். "நடையப் பார்த்து நானே குப்பன்னு முடிவு கட்டிட்டேம்மா. முகத்தைப் பார்க்கலை. எங்க வேணும்னாலும் சொல்றேன்." குப்பனின் வக்கீல் ஜெயசீலி அதை எழுதி வாங்கி நீதிமன்றத்தில் வைத்தாள். அடையாளம் சந்தேகத்துக்குரியது என்று தீர்ப்பு வந்தது.

விடுதலையான குப்பன் நேராகத் தாம்பரம் வந்தான்.

"இன்னா மேடம், அம்மாம் பெரிய கேமரா வச்சுகினு, என் வேஷம் கட்டுனவன் மூஞ்சிய காட்டவே இல்லியாமே?"

"காட்டியிருந்தா நீங்க உள்ள இருந்துதான் பார்த்திருப்பீங்க," என்றாள் பியூலா. எழுந்து தன் நாற்காலியை அவனுக்குப் போட்டாள்.