சாக்ஸுக்குள் ஒரு முட்டை

பச்சை முட்டையைச் சாக்ஸுக்குள் வைத்துக்கொண்டு ஒரு முழு ஆட்டம் ஆட முடியுமா என்று டௌடாவை யாரும் கேட்கவில்லை. எந்தக் காலில் வைப்பது என்பதுதான் உடை மாற்றும் அறையில் நடந்த விவாதம்.

க்ளப்புக்காக ஜெபிக்கும் தீர்க்கதரிசி தவியா இடது கால் என்றார். க்ளப் தலைவர் டாக்டர் நானா அம்போன்செம் வலது கால் என்றார். தலைவருக்கு டாக்டர் பட்டம் தந்த பல்கலைக்கழகம், பட்டமளிப்பு விழாவை ஒரு ஹோட்டல் மாடியில் நடத்திவிட்டு மறுவாரமே முகவரி மாறிப் போனது. அதற்கு முன்னால் அவர் ஐஸ் மீன் வியாபாரி. இப்போதும் அதேதான், ஆனால் பெட்டிகளின் மேல் ‘டாக்டர்’ என்று அச்சாகியிருக்கும். மீன் வேண்டுமானால் கெடும், மரியாதை கெடாது.

“பந்தை அவன் வலது காலால்தான் உதைப்பான்,” என்றார் பயிற்சியாளர். சீசன் முழுக்க அவர் சொன்னதில் தலைவர் காது கொடுத்துக் கேட்டது இந்த ஒன்றுதான். இடது கால் என்று முடிவாயிற்று.

தீர்க்கதரிசி சிவப்புத் துணியில் சுற்றிய முட்டையை டௌடாவின் கெண்டைக்காலோடு ஒட்டி வைத்து, சாக்ஸை மேலே இழுத்துவிட்டார். வீட்டுக்கு நடுத்தூண் எப்படியோ, க்ளப்புக்கு நடுக்கள ஆட்டக்காரன் அப்படி என்று விளக்கினார். க்ளப்பின் உயிர் இப்போது அந்த முட்டைக்குள் இருக்கிறதாம். ஆட்டம் முடிந்ததும் அதை முழுசாக எடுத்து மைதானத்தின் நடுவட்டத்தில் புதைக்க வேண்டுமாம். நடுவில் உடைந்தால் க்ளப் கீழே போய்விடுமாம்.

“அவிச்சுக் குடுத்திருக்கலாமே ஓசோஃபோ,” என்று தீர்க்கதரிசியைக் கேட்டான் தடுப்பாட்டக்காரன் அம்பெம், பூட்ஸ் கயிற்றைக் கட்டிக்கொண்டே.

“அவிச்ச முட்டையில உயிர் இருக்காதுடா மடையா,” என்றார் தீர்க்கதரிசி.

டௌடாவின் இடுப்பில் ஏற்கெனவே ஒரு தாயத்து இருந்தது. வடக்கே தமாலேயில் அம்மா மாலம் என்கிற முஸ்லிம் மதகுரு ஒருவரிடம் ஓதி வாங்கிக் கட்டிவிட்டது. அதுவும் தீர்க்கதரிசியின் முட்டையும் ஒரே உடம்புக்குள் அடித்துக்கொள்ளாமல் இருந்தால் போதும் என்று நினைத்துக்கொண்டான்.

அன்று லீகின் கடைசி ஆட்டம். அசுக்ரோம் தங்க மின்னல் அணிக்கு ஒரு சமநிலை போதும். தோற்றால் அடுத்த வருஷம் இரண்டாம் பிரிவு. அது ஊர்க்கவலை. டௌடாவின் கவலை பார்வையாளர் மேடையில், நிழற்குடைக்குக் கீழே உட்கார்ந்திருந்தது. மோன்செஃப் என்ற அந்தத் துனிசியாக்காரர் அங்குள்ள ஒரு க்ளப்புக்கு ஆள் தேடி வந்திருந்தார், அதுவும் நடுக்கள ஆட்டக்காரனைத் தேடி. இது அபூர்வம். கோல் அடிக்கிறவனைத்தான் வெளிநாட்டுக்காரர்கள் கொத்திக்கொண்டு போவார்கள். அவனுக்குப் பந்தைக் கொண்டுபோய்க் கொடுத்தவன் இங்கேயே செம்மண்ணில் இருமிக்கொண்டு கிடப்பான். டௌடா பந்து கொடுத்தே நான்கு பேரை விமானம் ஏற்றியிருக்கிறான். ஒருத்தன் ஸ்வீடனிலிருந்து பனியில் நிற்கிற படம் அனுப்பினான்.

காகிதத்தில் டௌடாவுக்கு இருபத்திரண்டு வயது. சில வருஷங்களாகவே இருபத்திரண்டுதான். இன்னும் ஒரு வருஷம் அப்படியே இருக்க அவன் தயார், முழங்கால்கள் தயாரில்லை. துனிசியா கிடைத்தால் இன்றைக்குக் கிடைக்க வேண்டும்.

அவனை விடுவிக்கும் அதிகாரம் தலைவரிடம் இருந்தது. காலையில் அவனைத் தனியாகக் கூப்பிட்டுச் சொல்லியிருந்தார்: “க்ளப் மேல நின்னா நீ பறக்கலாம். முட்டை உடைஞ்சுதுன்னு வை, நீயும் என்கூட இரண்டாம் பிரிவுக்குத்தான் வரணும். அப்புறம் என்னைக் குத்தம் சொல்லாத.”

வெளியே கூட்டம் சிரித்தது. கடற்கரைச் சுறாக்கள் வந்துவிட்டார்கள். வாசல் திறந்து கிடக்க, எதிரணி மொத்தமும் பின்பக்கச் சுவரில் ஏறிக் குதித்துக்கொண்டிருந்தது. அவர்களுடைய கோல்கீப்பர் கொஞ்சம் கனத்த உடம்பு. மேலே இரண்டு பேர் இழுக்க, கீழே மூன்று பேர் தள்ளினார்கள். வாசலில் எதையாவது மந்திரித்துப் புதைத்து வைத்திருப்பார்கள் என்ற பயம். அபராதம் உண்டுதான், கட்டிவிட்டுக் குதிப்பார்கள்.

ஆட்டத்துக்கு முன்னால் தலைவர், வெள்ளை அங்கி புழுதியில் படாமல் தூக்கிப் பிடித்தபடி, மோன்செஃபை மைதானத்துக்கே கூட்டிவந்து ஆட்டக்காரர்களுக்கு அறிமுகம் செய்தார். சுவர்ப் பக்கம் கையை வீசி, “பாருங்க சார், இந்தக் காலத்துலயும் எப்படி இருட்டுல இருக்காங்க! எங்களது விஞ்ஞான க்ளப்,” என்றார். பத்தடி பின்னால் தீர்க்கதரிசி கோல்கம்பத்துக்கு எண்ணெய் தடவிக்கொண்டிருந்தார்.

மோன்செஃப் டௌடாவின் கையைக் குலுக்கினார். அவரும் ஒரு காலத்தில் ஆடியவர். முகத்தைப் பார்த்ததும் கண் தானாகக் காலுக்கு இறங்கியது. இடது கெண்டைக்காலில் போய் நின்றது.

“அது தசை சார்,” என்றார் தலைவர். “எங்க பையனுக்குக் கொஞ்சம் ஜாஸ்தி.”

டௌடாவுக்கு அந்த ஊர் வைத்த பெயர் மின்வெட்டு. எதிரணி எவ்வளவு வேகமாக வந்தாலும் நடுவில் இவன் நின்றால் போதும், பட்டென்று எல்லாம் இருண்டுவிடும். சறுக்கிக்கொண்டு போய்ப் பந்தைப் பிடுங்குவான். விழுந்தவன் எழுந்து பார்க்கும்போது பந்து எதிர்ப்பக்கம் போய்க்கொண்டிருக்கும். வேறு பெரிய வித்தை எதுவும் அவனிடம் இல்லை. பக்கத்தில் இருக்கிறவனிடம் பந்தைத் தள்ளுவான், மறுபடியும் போய்ப் பிடுங்குவான். பத்து வருஷமாகச் சோறு போட்டது அந்தப் பிடுங்கல்தான்.

இன்றைக்கு அதைத்தான் செய்யக்கூடாது.

நடுவர் விசில் ஊதிய கணத்திலிருந்து டௌடா வேறொருவனுடைய காலைக் கடன் வாங்கியவன் போல ஓடினான். பந்து போகும் வழியை முன்கூட்டியே ஊகித்துப் போய் நின்றான். சில தடவை பலித்தது. எதிராளி மேலே மோதவந்தால் விலகிக்கொண்டான். அவனுடைய ஆட்களும் பந்தை விட்டுவிட்டு முட்டையைக் காத்தார்கள். டௌடாவின் இடப்பக்கம் எவன் வந்தாலும் அம்பெம் குறுக்கே பாய்ந்தான். அதற்காக ஒரு மஞ்சள் அட்டையும் வாங்கினான். ஒவ்வொரு குதிப்புக்கும் சிவப்புத் துணி அரை விரல் கீழே இறங்குவதை டௌடா உணர்ந்தான். குனிந்து சாக்ஸை இழுத்துவிடுவான். நிமிர்ந்தால் மேடையில் மோன்செஃப் மாட்டியிருந்த கறுப்புக் கண்ணாடி அவனையே பார்த்துக்கொண்டிருக்கும்.

கூட்டத்துக்குப் பொறுமை போயிற்று.

“மின்வெட்டு! என்னடா, இன்னைக்குக் கரண்ட் வந்துடுச்சா?” என்று ஒருவன் கத்த, மேடையே சிரித்தது. கோட்டோரமாக ஒரு பெண்மணி தலைத்தட்டில் அவித்த முட்டையும் மிளகாய்த் துவையலும் விற்றுக்கொண்டு போனாள். டௌடா வேறு பக்கம் பார்த்தான்.

சுறாக்களின் முன்வரிசை ஆட்டக்காரன் எபோவுக்கு மூக்கு வியர்த்துவிட்டது. இவன் காலை நீட்டமாட்டான் என்று தெரிந்ததும் வேண்டுமென்றே டௌடாவின் இடப்பக்கமாகவே பந்தை உருட்டிக்கொண்டு வந்தான். ஒருதரம் நெருங்கிவந்து, “கால்ல என்ன மச்சான், மாசமா இருக்கியா?” என்று கேட்டான். அடுத்த கணம் அவன் அடித்த பந்து கம்பத்தில் பட்டுத் திரும்பியது. தீர்க்கதரிசி அண்ணாந்து எண்ணெய்க்கு நன்றி சொன்னார்.

இடைவேளையில் தலைவர் உள்ளே நுழைந்ததும் கேட்ட முதல் கேள்வி, “இருக்கா?” இருக்கிறது என்றான் டௌடா. அவர் நெற்றியைத் துடைத்துக்கொண்டு போய்விட்டார். கோல் கணக்கை விசாரிக்கவில்லை.

முட்டையை வேறு யார் காலுக்காவது மாற்றுங்கள் என்று டௌடா தீர்க்கதரிசியிடம் கெஞ்சிப் பார்த்தான். கோல்கீப்பர் ஜிப்ரில் சும்மாதானே நிற்கிறான் என்றான். உயிரை இடையில் ஆள் மாற்றினால் வழியிலேயே போய்விடும் என்றார் தீர்க்கதரிசி. சும்மா நிற்கிறான் என்று சொன்னதற்காக ஜிப்ரில் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

பிறகு பயிற்சியாளர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். குரலைத் தாழ்த்தினார். “துனிசியாக்காரர் என்கிட்ட கேட்டாரு. இடது கால் வீங்கியிருக்கே, அதை ஏன் மறைக்கிறீங்க, உடைஞ்ச காலை எங்க தலையில கட்டப் பாக்கிறீங்களான்னு.”

“நீங்க என்ன சொன்னீங்க?”

“என்னத்தைச் சொல்ல? தசைன்னேன்.”

டௌடா காலைப் பார்த்தான். உடையாமல் காத்தால் மேடையில் இருக்கிறவர் எழுந்து போய்விடுவார். உடைத்தால் தலைவர் விடமாட்டார். இரண்டுக்கும் நடுவில் ஒரு கோழி போட்டது தொங்கிக்கொண்டிருந்தது.

இரண்டாம் பாதியில் அவன் மூச்சைக்கூட அளந்து விட்டான். ஆட்டம் முடிய இன்னும் கொஞ்ச நேரமே இருந்தது. கோல் எதுவும் விழவில்லை. அப்போது மின்னல் அணிக்கு ஒரு கார்னர் கிடைத்தது. சமநிலையே போதும் என்ற அணி, கூட்டம் கத்தியதைக் கேட்டு மொத்தமாக முன்னால் ஓடியது. அம்பெம் கூடப் போனான். முட்டைக்குப் பயந்து டௌடா மட்டும் பின்னால் நின்றான். உதைத்த பந்து நேராக எதிரணி கோல்கீப்பரின் கைக்குப் போயிற்று. அந்தக் கனத்த மனிதர் சுவரில் ஏறியதை விடப் பத்து மடங்கு சுறுசுறுப்பாக அதை எபோவுக்கு எறிந்தார்.

எபோ நடுக்கோட்டைத் தாண்டினான். அவனுக்கு முன்னால் டௌடா. டௌடாவுக்குப் பின்னால் ஜிப்ரில். வேறு யாரும் இல்லை.

டௌடா பின்வாங்கி ஓடினான். எபோ வலப்பக்கம் போவதுபோல் தோளைச் சாய்த்தான். இடப்பக்கம்தான் வருவான் என்று டௌடாவுக்குத் தெரியும், ஆட்டம் முழுக்க அங்கேதானே வந்தான். வந்தான். பந்து அவன் காலைவிட்டு ஒரு முழம் முன்னால் உருண்டது. அதை எட்டக்கூடிய கால் ஒன்றே ஒன்றுதான்.

பின்னாலிருந்து ஜிப்ரில் கத்துவது கேட்டது. பந்து என்று கத்தவில்லை. “முட்டை! முட்டை!” என்று கத்தினான்.

டௌடா சறுக்கினான்.

செம்மண் எழும்பி இருவரையும் மூடியது. பந்து கோட்டைத் தாண்டி வெளியே போய் அவித்த முட்டைக்காரியின் காலடியில் நின்றது. எபோ கவிழ்ந்து கிடந்தபடி பெனால்டி கேட்டுக் கையை உயர்த்தினான். நடுவர் இல்லை என்று தலையசைத்தார். டௌடா மல்லாந்து கிடந்தான். கெண்டைக்காலிலிருந்து வெதுவெதுப்பாக ஏதோ குதிகாலை நோக்கி இறங்கியது. அது ரத்தமாக இருந்துவிடக்கூடாதா என்று முதல்முறையாக ஆசைப்பட்டான்.

எழுந்து பார்த்தான். தங்க மின்னலின் சாக்ஸ் மஞ்சள் நிறம். யாருக்கும் எதுவும் தெரியவில்லை.

அதற்குப் பிறகு நடந்ததை அந்த ஊர் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறது. காப்பாற்ற இனி ஒன்றுமில்லாத மனிதன் எப்படி ஆடுவானோ அப்படி ஆடினான் டௌடா. எபோவிடமிருந்து பிடுங்கினான், எபோவுக்குக் கொடுக்க வந்தவனிடமிருந்தும் பிடுங்கினான். ஒருதரம் அவசரத்தில் அம்பெமிடமிருந்தே பிடுங்கினான். “கரண்ட் போச்சு! கரண்ட் போச்சு!” என்று மேடை குதித்தது. விசில் ஊதியது. யாரும் கோல் போடவில்லை. க்ளப் மேலேயே நின்றது.

கூட்டம் மைதானத்துக்குள் கொட்டியது. அதற்கு நடுவே நடுவட்டத்தில் தீர்க்கதரிசி ஒரு கைமண்வெட்டியோடு காத்திருந்தார். தலைவர் கையை நீட்டிக்கொண்டு வந்தார். ஆனால் அவருக்கு முன்னால் மோன்செஃப் வந்துவிட்டார். டௌடாவின் முன்னே ஒற்றை முழங்காலில் உட்கார்ந்தார்.

“சாக்ஸை இறக்கு.”

“உள்ளே போய்ப் பார்க்கலாம் சார்,” என்றார் தலைவர். “வெயில் பாருங்க.”

“காலைப் பாக்காம நான் ஆளை எடுக்கறதில்ல.”

டௌடா தலைவரைப் பார்த்தான். தலைவரின் கண் வேண்டாம் வேண்டாம் என்றது. இவ்வளவு தூரம் வந்தபிறகு டௌடா அந்தக் கண் சொன்னதைக் கேட்கவில்லை. சாக்ஸை இறக்கினான்.

சிவப்புத் துணி ஊறிப்போய் ஒட்டியிருந்தது. அதில் ஓட்டுத் துண்டுகள். மஞ்சள் கரு குதிகால் வரை இறங்கிப் புழுதியோடு சேர்ந்து பிசின் மாதிரி ஆகியிருந்தது. தீர்க்கதரிசி மண்வெட்டியை அங்கிக்குப் பின்னால் மறைத்தார்.

தலைவர் ஒருமுறை கனைத்தார். “இது வந்து... புரதச் சிகிச்சை சார். தோல் வழியா ஏத்தறது. நானே ஆராய்ச்சி பண்ணினது.”

மோன்செஃப் கட்டைவிரலால் எலும்பை அழுத்திக்கொண்டே மேலேயிருந்து கீழே வந்தார். வலிக்கிறதா என்று கேட்டார். இல்லை என்றான் டௌடா. கணுக்காலைத் திருகிப் பார்த்தார். வீக்கம் இல்லை, எலும்பில் கோளாறு இல்லை.

தலைவர் டௌடாவின் காதருகே குனிந்து, ஊர் மொழியில் பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டார். “எப்படா உடைஞ்சுது?”

“எது தலைவரே?” என்றான் டௌடா. “புரதமா?”

தலைவர் நிமிர்ந்து மோன்செஃபை ஒருதரம் பார்த்துக்கொண்டார். உடைத்ததற்காக இவனைப் பிடித்து வைக்க வேண்டுமென்றால், முட்டை ஒன்று இருந்தது என்று துனிசியாக்காரருக்கு முன்னால் ஒப்புக்கொள்ள வேண்டும். சிகிச்சை எடுத்துக்கொண்டதற்காக ஒருத்தனைத் தண்டிக்க முடியாது. போதாக்குறைக்கு தீர்க்கதரிசி அதற்குள் கூட்டத்தைப் பார்த்துத் திரும்பி, க்ளப்பின் மேல் விழ இருந்த அடியை இன்று ஒன்று தன்மேல் வாங்கிக்கொண்டது, அது என்னவென்று கேட்காதீர்கள் என்று முழங்க ஆரம்பித்திருந்தார். கூட்டம் அல்லேலூயா என்றது.

“ஆளை விடறீங்களா?” என்று கேட்டார் மோன்செஃப்.

“விஞ்ஞானத்துக்கு எல்லை ஏது சார்,” என்றார் டாக்டர் நானா அம்போன்செம். தலை மட்டும் சம்மதமாக மெதுவாக அசைந்தது.

மோன்செஃப் எழுந்து, விரல்களைத் துடைக்கத் துணி தேடினார். கிடைக்கவில்லை. பக்கத்தில் நல்ல வெள்ளையாகத் தலைவரின் அங்கி இருந்தது. தோளில் தட்டிக்கொடுப்பது போல அதில் துடைத்துக்கொண்டார்.

பிறகு டௌடாவின் தோளைப் பிடித்து இரண்டடி தள்ளி அழைத்துப் போனார். கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினார்.

“எங்க ஊர்ல முட்டை கிடையாது,” என்றார். “உப்பு. சின்னப் பொட்டலம். அதுவும் இடது கால்தான்.”

டௌடா குனிந்து தன் இடது காலைப் பார்த்தான்.

“பயப்படாத,” என்றார் மோன்செஃப். “உடையாது.”